விடுதலை ஆனால் பொய்க் கேஸ் என்று யார் சொன்னது?

மறுபடியும் அதே கணக்கு வக்கீலான என் மேஜைக்கு வந்துவிட்டது. இந்த முறை சட்டம் படிக்கும் ஒரு மாணவரின் ஆய்வேடு. தமிழக-ஆந்திர எல்லையோர மாவட்டங்களில் குடும்ப வன்முறை வழக்குகள் பற்றியது. முடிவுரையில் தடித்த எழுத்தில், 498ஏ வழக்குகளில், அதாவது கணவரோ அவர் வீட்டாரோ மனைவியைக் கொடுமை செய்ததாகப் பழைய தண்டனைச் சட்டத்தின் அந்தப் பிரிவில் போடும் வழக்குகளில், 85 விழுக்காடு பொய் என்று இருக்கிறது. இந்த 85 எங்கிருந்து வந்தது என்று தேடினால், தண்டனை விகிதம் 15 என்று ஒரு தீர்ப்பில் இருக்கிறதாம். நூறில் 15 போனால் மீதி 85. அவ்வளவுதான் ஆய்வு.

அதே வாரம் பள்ளிப்பட்டுப் பக்கத்திலிருந்து, எல்லைக்கு அந்தப் பக்கம் ஆந்திரத்தில் இருக்கும் நகரிக்குக் கட்டிக்கொடுத்த ஒரு பெண் வந்தார். தறிக்காரக் குடும்பம். "கேஸ் போட்டா பொய்க் கேஸுன்னுதான் சொல்லுவாங்களாமே மேடம், நூத்துக்கு எண்பத்தஞ்சு அப்படித்தானாம்" என்று சொல்லிவிட்டு, எழுதிக் கொண்டுவந்த மனுவை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார். தப்பான கணக்கு ஆய்வேட்டோடு நிற்பதில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

அந்த 15 எங்கே இருக்கிறது என்று முதலில் பார்த்துவிடலாம். 2014 ஜூலையில் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பில் இருக்கிறது. புகார் வந்த கையோடு கைது செய்யாதீர்கள், அவசியம் இருக்கிறதா என்று பாருங்கள் என்று போலீசுக்குச் சொல்லும் தீர்ப்பு அது. கைது பற்றி அது சொல்வதில் எனக்குக் குறை எதுவும் இல்லை. அதில் தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2012 புள்ளிவிவரத்தை எடுத்து எழுதியிருக்கிறார்கள்: 498ஏ-யில் குற்றப்பத்திரிகை தாக்கலாகும் விகிதம் 93.6, தண்டனை விகிதம் 15, நிலுவையில் 3,72,706 வழக்குகள், அவற்றில் ஏறக்குறைய 3,17,000 விடுதலையில் முடியக்கூடும். கால்குலேட்டரில் போட்டுப் பாருங்கள். 3,72,706-இல் 85 விழுக்காடு 3,16,800. ஒரு வருடத்தில் முடிந்த வழக்குகளின் விகிதத்தை, முடியாத வழக்குகள் அத்தனையின் மேலும் போட்டிருக்கிறார்கள். அப்படியே இருந்தாலும் அந்த வரியில் இருப்பது 'விடுதலை'. அதைப் 'பொய்' என்று மாற்றியது நம் வாட்ஸ்அப் குழுக்கள்.

தண்டனை 15 என்பதால் மீதி எல்லாம் பொய் என்றால், குற்றப்பத்திரிகை 93.6 என்பதை வைத்து அவ்வளவும் உண்மை என்று இன்னொருவர் சொல்லலாமே? இரண்டும் தப்பு. ஆனால் முதல் தப்பை மட்டும் ஏன் எல்லாரும் சட்டென்று நம்பிவிடுகிறார்கள்?

ஒரு 498ஏ வழக்கு எப்படியெல்லாம் விடுதலையில் முடிகிறது என்று கோர்ட்டில் நிற்கிற எவரையும் கேளுங்கள். பெரியவர்கள் உட்கார்ந்து பேசி, சீர்ப்பொருளைத் திருப்பிக் கொடுத்து, ராஜி ஆகியிருப்பார்கள். கூண்டில் ஏறிய பெண், "அப்படி எதுவும் நடக்கவில்லை" என்று சொல்லிவிடுவார். பிறழ் சாட்சி, விடுதலை. அடிபட்டு ஆஸ்பத்திரிக்குப் போனபோது கணவர் பக்கத்திலேயே நின்றதால், படியில் விழுந்தேன் என்று சீட்டில் எழுத வைத்திருப்பார். அந்தச் சீட்டே ஐந்து வருடம் கழித்து குறுக்கு விசாரணையில் வரும். விடுதலை. அம்மாவையும் தங்கையையும் விட்டால் பார்த்த சாட்சி இல்லை. அக்கம்பக்கத்தார் நமக்கேன் வம்பு என்று வரவில்லை. விடுதலை. விசாரணை அதிகாரி மாற்றலாகிப் போய் வாய்தா மேல் வாய்தா விழுந்து, புகார்தாரர் வேலை தேடிப் பெங்களூருக்கே போய்விட்டார். விடுதலை. தம்பதி மறுபடி சேர்ந்து வாழ்கிறார்கள். விடுதலை. பொய்யாகக் கொடுத்த புகார், குறுக்கு விசாரணையில் உடைந்தது. அதுவும் விடுதலை.

பொய்ப் புகாரே இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. கணவர் தரப்பிலும் வாதாடுகிறவள்தான் நான். வயதான மாமியாரையும் எங்கோ இருக்கும் நாத்தனாரையும் சேர்த்து இழுத்துவிட்ட புகார்களைப் பார்த்திருக்கிறேன். ஆனால் எது எந்த ரகம் என்று எண்ணிக்கை சொல்லாது, தீர்ப்புதான் சொல்லும். பொய்க் குற்றச்சாட்டு தண்டனைச் சட்டத்தில் தனிக் குற்றம், பழைய 211-ஆம் பிரிவு. அதற்குத் தனியாக நிரூபணம் வேண்டும். சந்தேகத்தின் பலனைக் குற்றம் சாட்டப்பட்டவருக்குக் கொடுத்த தீர்ப்பை, புகார்தாரர் பொய் சொன்னார் என்ற தீர்ப்பாகப் படிப்பது, ஆஸ்பத்திரியிலிருந்து டிஸ்சார்ஜ் ஆன எல்லாரையும் நோயே இல்லாமல் வந்தவர்கள் என்று எழுதுவது மாதிரி.

இந்த எல்லையில் இருக்கிறவர்களுக்கு இன்னொரு சங்கதி உண்டு. எந்த ஆய்வேட்டிலும் அதை நான் பார்க்கவில்லை. ஆந்திரத்தில் 2003-இல் ஒரு மாநிலத் திருத்தம் வந்தது. அதன்படி நீதிமன்ற அனுமதியோடு 498ஏ வழக்கை ராஜியில் முடிக்க முடிந்தது. தமிழ்நாட்டில் அப்படி ஒரு திருத்தம் வரவில்லை. ஆக, சித்தூர்ப் பக்கம் ராஜியானவர்கள் அதே கோர்ட்டில் மனுப் போட்டு முடித்துக்கொண்டார்கள். திருத்தணிப் பக்கம் ராஜியானவர்கள் சென்னை உயர் நீதிமன்றம் போய் வழக்கை ரத்து செய்யச் சொல்லிக் கேட்க வேண்டும். பி.எஸ். ஜோஷி வழக்கில் 2003-இல் உச்ச நீதிமன்றம் அதற்கு வழி காட்டியிருக்கிறது, ஆனால் சென்னைக்கு ஆள் வைக்கப் பணம் வேண்டுமே. இல்லாதவர்கள் உள்ளூர் கோர்ட்டிலேயே பிறழ் சாட்சி சொல்லிவிட்டுப் போகிறார்கள். ஒரே மாதிரி சண்டை, ஒரே மாதிரி சமாதானம். ஏட்டில் ஒன்று 'ராஜி', ஒன்று 'ரத்து', ஒன்று 'விடுதலை'. குற்ற ஆவணக் காப்பகம் இவற்றைத் தனித்தனிக் கட்டத்தில் போடுகிறது; தண்டனை விகிதக் கணக்கில் விடுதலை சேரும், ராஜி சேராது. ஆனால் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 320(8)-இன்படி ராஜிக்கும் விடுதலையின் பலன்தான். இதைத் தெரிந்துகொள்ளாமல் இரண்டு மாநிலத் தண்டனை விகிதத்தைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, அங்கே பெண்கள் இப்படி, இங்கே பெண்கள் இப்படி என்று எழுதினால் என்ன செய்வது? பாதி வித்தியாசம் சட்டப் புத்தகத்திலேயே இருக்கலாம்.

மாவட்டக் கணக்கிலும் இதே கவனக்குறைவு. 2019-இல் வேலூர் மூன்றாகப் பிரிந்து ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் வந்தன. 2022 ஏப்ரலில் சித்தூர் பிரிந்து திருப்பதி மாவட்டம் வந்தது. சத்தியவேடு அங்கே போனது, நகரி சித்தூரிலேயே இருந்தது. 2018-ஐயும் 2023-ஐயும் ஒப்பிட்டு, வேலூரில் குற்றம் குறைந்தது என்று எழுதாதீர்கள். குறைந்தது மாவட்டம். போலீஸ் மாவட்டமும் நீதிமன்ற மாவட்டமும் வருவாய் மாவட்டத்தோடு அதே நாளில் பிரிந்துவிடும் என்றும் நினைக்க வேண்டாம். ஒரே எஃப்.ஐ.ஆரில் பல பிரிவுகள் இருந்தால் காப்பகம் அதிகத் தண்டனை உள்ள பிரிவில்தான் எண்ணும். வரதட்சணை மரணத்தோடு வந்த 498ஏ, 498ஏ கட்டத்தில் தெரியாது. மறுபக்கம், ஒரே கல்யாணத்திலிருந்து கொடுமை வழக்கு, ஜீவனாம்சம், குடும்ப வன்முறைச் சட்ட மனு, விவாகரத்து என்று நான்கு வழக்கு நம்பர் கிளம்பும். எல்லைக் கல்யாணம் என்றால் இரண்டு மாநிலத்தில்.

கோர்ட் எப்படி நடக்கிறது என்று பார்க்காமல் எண்ணிக்கையை மட்டும் படிக்கும் இந்தப் பிழை வெளிநாட்டுப் பெரிய ஆய்வாளர்களுக்கும் நேர்ந்திருக்கிறது. இஸ்ரேலில் பரோல் மனுக்கள் பற்றி 2011-இல் வந்த ஆய்வு, 1,112 முடிவுகளை எடுத்துப் பார்த்து, சாப்பாட்டு இடைவேளை நெருங்க நெருங்க நீதிபதிகள் மனுவை ஏற்பது 65 விழுக்காட்டிலிருந்து கிட்டத்தட்டப் பூஜ்யத்துக்கு இறங்குகிறது என்றது. பசித்த நீதிபதி என்று உலகம் முழுக்கப் பேசினார்கள். அதே வருடம் இரண்டு பேர் அங்கே வழக்குக் கூப்பிடும் வரிசையை விசாரித்து மறுப்பு எழுதினார்கள். வரிசை தற்செயலாக அமைவதில்லை, வக்கீல் வைக்காத கைதிகள் பெரும்பாலும் இடைவேளைக்கு முன் கடைசியில் வருகிறார்கள், அவர்கள் மனு தோற்பதும் அதிகம். நம் ஊர் பெஞ்ச் கிளர்க் யாரிடம் கேட்டிருந்தாலும், வழக்குக் கூப்பிடும் வரிசை தானாக அமைவதில்லை என்று சொல்லியிருப்பார்.

அதனால் ஆய்வு செய்ய வரும் பிள்ளைகளே, முதலில் கோர்ட்டில் வந்து உட்காருங்கள். காலை கூப்பிடுவதிலிருந்து சாயங்காலம் வரை, ஒரு வாரமாவது. அதற்குப் பிறகு கேள்வித்தாள் தயாரியுங்கள். கூகுள் ஃபார்மை நண்பர்களுக்கு அனுப்பி, வந்த பதிலை 'எல்லையோர மக்களின் கருத்து' என்று எழுதாதீர்கள்.

தேசிய நீதித்துறைத் தரவுத் தொகுப்பு 2015-இலிருந்து எல்லாரும் பார்க்கும்படி இணையத்தில் இருக்கிறது. நல்ல விஷயம், பயன்படுத்துங்கள். ஆனால் வழக்கு எப்படி முடிந்தது என்ற வரியைப் பெரும்பாலும் ஊழியர் ஒருவர் தயார்ப் பட்டியலிலிருந்து தேர்ந்தெடுத்து நிரப்புகிறார். எனவே கொஞ்சம் வழக்குகளையாவது தற்செயல் முறையில் எடுத்து, தீர்ப்பைத் திறந்து படித்து, அந்த வரி சரியா என்று பாருங்கள். தீர்ப்பு ஏற்றப்படாத வழக்குக்கு நகல் மனுப் போடுங்கள். கிடைத்ததை மட்டும் படித்துவிட்டு எல்லாவற்றையும் படித்ததாக எழுதக் கூடாது. தெலுங்கு படிக்கத் தெரியாவிட்டால் தெரிந்தவரோடு வாருங்கள். தமிழில் பேசுகிற பெண்ணின் வாக்குமூலம் தெலுங்கிலோ ஆங்கிலத்திலோ பதிவாகும் இடம் இது, வழியில் எவ்வளவோ உதிர்ந்துவிடும்.

வகுத்தல் கணக்கின் கீழே என்ன நிற்கிறது என்று ஒவ்வொரு விகிதத்துக்கும் ஒரு வரி எழுதுங்கள். பதிவானதில் எத்தனையா, விசாரணை முடிந்ததில் எத்தனையா, அந்த வருடம் முடிந்ததிலா? பதிவே ஆகாதவை எத்தனை? 2019-21 தேசியக் குடும்பநல ஆய்வில், உடல் அல்லது பாலியல் வன்முறையை அனுபவித்த பெண்களில் யாரிடமாவது உதவி தேடியவர்களே 14 விழுக்காடுதான். அந்த உதவியும் பெரும்பாலும் பிறந்த வீட்டார், சொந்தக்காரர்கள். போலீஸ் வரை வந்தவர் அதில் வெகு சிறிய பங்கு. கோர்ட் ஏட்டில் இருப்பவர்களை வைத்து எல்லாப் பெண்களையும் பற்றி எழுத உங்களுக்கு ஆதாரம் இல்லை.

நேர்காணல் எடுப்பவர்களிடம் கெஞ்சியே கேட்கிறேன். கோர்ட் வராண்டாவில், கணவர் வீட்டார் பார்த்துக்கொண்டிருக்க, நோட்டை விரித்துக்கொண்டு அந்தப் பெண்ணிடம் போகாதீர்கள். இடத்தையும் நேரத்தையும் அவர் சொல்லட்டும். வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள், வழக்கு நடக்கும்போது அவர் வக்கீலுக்கும் ஒரு வார்த்தை சொல்லுங்கள். பெயரை மட்டும் மாற்றிவிட்டு ஊர், சாதி, கல்யாண வருடம், தறி எத்தனை என்று எழுதினால் ஏகாம்பரகுப்பம் மாதிரி ஊரில் அது யார் என்று எல்லாருக்கும் தெரிந்துவிடும்.