மணல்நாழி: ஒரு சொல் விளக்கம்

சென்ற ஞாயிற்றுக்கிழமை காலை ஏற்காட்டில் பனி இறங்கி, ஏரி எந்தப் பக்கம் என்றே தெரியவில்லை. வெளியே விளையாட வழியில்லாத பிள்ளைகளை உட்கார வைத்து ஒரு மொழிபெயர்ப்புக் கதையை வாசித்தேன். எங்கும் இல்லாத ஒரு நாடு, அங்கே ஒரு சூனியக்கிழவி, அவளிடம் ஒரு மாயப்பொருள். அதைத் தலைகீழாகக் கவிழ்த்து வைத்தால், உள்ளே இருக்கும் மணல் விழுந்து முடியும்வரை அந்த நாட்டில் பொழுது சாயாது. அந்தப் பொருளுக்குப் புத்தகத்தில் போட்டிருந்த பெயர் ‘மந்திர மணிக்கண்ணாடி’.

கதை முடிந்ததும் அதை வரையச் சொன்னேன். நான்காம் வகுப்புப் படிக்கும் ஒரு சிறுமி, கைப்பிடி வைத்த முகம்பார்க்கும் கண்ணாடி ஒன்றை வரைந்து, சட்டத்தைச் சுற்றிலும் மாட்டின் கழுத்தில் கட்டுவதுபோல ஏழு மணிகளைத் தொங்கவிட்டிருந்தாள். “கவுத்தா எல்லா மணியும் அடிக்குமில்ல சார்?” என்று கேட்டாள். அவள்மேல் ஒரு பிழையும் இல்லை. அந்தச் சொல் எதைச் சொன்னதோ அதைத்தான் வரைந்தாள். இதே மணிக்கண்ணாடியைத் தமிழில் பேசவைத்த ஒரு கார்ட்டூனில் கேட்டிருக்கிறேன், பிள்ளைகளின் செல்போன் விளையாட்டு ஒன்றிலும் பார்த்திருக்கிறேன். மூன்றாவது முறையும் கேட்ட பிறகு எழுதாமல் இருக்க முடியவில்லை.

பொருள் எது என்பதில் குழப்பமே இல்லை. இரண்டு கண்ணாடிக் குடுவைகள், நடுவில் குறுகிய கழுத்து, மேலிருந்து கீழே இறங்கும் மணல். ஐரோப்பாவில் இது 14ஆம் நூற்றாண்டில் புழக்கத்தில் இருந்தது. இத்தாலியின் சியேனா நகரில் 1338இல் லொரென்செட்டி தீட்டிய சுவரோவியத்தில் ஒரு பெண் இதைக் கையில் ஏந்தியிருக்கிறாள். கப்பல்களில் அரைமணி ஓடுகிற குடுவையைத்தான் திருப்பித் திருப்பி வைத்து முறை மாறினார்கள். முட்டை வேகவைக்க மூன்று நிமிடக் குடுவை உண்டு. எவ்வளவு மணல் போடுகிறோமோ அவ்வளவு நேரம். ஒரு மணி நேரம்தான் ஓட வேண்டும் என்ற கட்டாயம் அதற்கு எந்தக் காலத்திலும் இருந்ததில்லை.

சரியான தமிழ்ச்சொல் நாழி. உள்ளே துளையுள்ளது என்பது அடிப்பொருள். அதிலிருந்து தானியமும் எண்ணெயும் அளக்கும் முகத்தல் கலம். எட்டு நாழி ஒரு குறுணி. கலத்தால் அளந்த பொழுது நாழிகை. 24 நிமிடம், அறுபது சேர்ந்தால் ஒரு நாள். வடமொழி நாடிகையிலிருந்து வந்தது என்று சொல்வோர் உண்டு. அளக்கும் கலமே நாழி என்ற பெயரில் வீட்டுக்குள் கிடக்க, அதற்கு வேர் தேடி வெளியே போவானேன்? தமிழ்ச் சொற்களின் வேரை ஆராய்ந்த தேவநேயப் பாவாணர் 1944 முதல் 1956 வரை தமிழ் கற்பித்த ஊர் சேலம். இந்த ஊர்க்காரன் இதைக்கூடக் கேட்காவிட்டால் எப்படி?

இனி மணிக்கண்ணாடிக்கு வருகிறேன். ‘ஹவர்கிளாஸ்’ (hourglass) என்ற ஆங்கிலப் பெயரை நடுவில் வெட்டி, ‘ஹவர்’ என்ற பாதிக்கு மணி, ‘கிளாஸ்’ என்ற மறுபாதிக்குக் கண்ணாடி என்று ஒட்டியிருக்கிறார்கள். தமிழில் மணி என்றால் முதலில் அடிக்கிற மணி. அதை அடித்து நேரம் சொன்னதால்தான் நேரத்துக்கே மணி என்ற பெயர் வந்தது. மணல் சத்தமில்லாமல் இறங்குகிற பொருளுக்குள் அந்த ஓசையை எதற்குக் கொண்டுவந்து வைக்க வேண்டும்? கண்ணாடி என்றால் முகம் பார்ப்பது அல்லது மூக்கில் மாட்டுவது. ஒரு பொருள் எதனால் ஆனது என்பதை வைத்தே அதற்குப் பெயரிடுவது ஆங்கிலத்தின் பழக்கம். நாம் குடத்தைக் குடம் என்கிறோம். அது மண்ணா பித்தளையா என்பதை வேண்டுமானால் முன்னால் சேர்த்துக்கொள்கிறோம். இதைவிடப் பெரிய குறை ஒன்று உண்டு. அந்தக் கதையின் முதல் பக்கத்திலேயே, அந்த நாட்டார் பொழுதை மணியாகப் பிரிப்பதில்லை, பூ விரிவதையும் கூம்புவதையும் வைத்தே எண்ணுகிறார்கள் என்று வருகிறது. மணியே இல்லாத நாட்டில் மணிக்கண்ணாடி எங்கிருந்து முளைத்தது? கற்பனை உலகத்தை மொழிபெயர்ப்பவர் அந்த உலகத்தின் சட்டத்தை நம்ப வேண்டும். அவரே நம்பாவிட்டால் படிக்கிற பிள்ளை எப்படி நம்பும்?

மணற்கடிகாரம் என்று எழுதுவோர்மேல் எனக்குக் கோபம் இல்லை. கேட்டவுடன் புரிகிறது, பாடப்புத்தகத்தில் எழுதினாலும் தவறு சொல்ல மாட்டேன். ஆனால் கடிகாரம் என்றதும் முள்ளும் எண்ணும் சாவியும் கண்ணுக்குள் வந்து நிற்கின்றன. இயந்திரமே இல்லாத மாயநாட்டில் அந்தச் சொல் இடறுகிறது.

நீரால் பொழுதளந்த பழங்கருவியின் பெயரான கன்னல் என்ற சொல்லையும் நண்பர் ஒருவர் சொன்னார். அழகான சொல், விட மனமே வரவில்லை. முல்லைப்பாட்டில், பாசறையில் இருக்கும் மன்னனுக்கு ‘பொழுதளந்து அறியும் பொய்யா மாக்கள்’ நாழிகை சொல்வது குறுநீர்க் கன்னலைப் பார்த்துத்தான். அகநானூற்றில் ஒரு மழைக்காலம்: குறுநீர்க் கன்னலை எண்ணுபவரைத் தவிர வேறு யாருக்கும் கதிரவன் எங்கே இருக்கிறான் என்று தெரியாதபடி மேகம் கவிந்துகிடக்கிறது. ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலையில் ஒரு ஆடிமாதம் இருந்து பார்த்தவர்களுக்கு அந்த வரிக்கு உரை வேண்டாம்; காலை பத்து மணியும் மாலை நாலு மணியும் ஒரே நிறத்தில் இருக்கும். ஆனாலும் கன்னல் சரிப்படாது. இன்றைக்குக் கன்னல் என்றால் கரும்பு. அந்தச் சிறுமி கரும்பை வரைந்து நிற்பாள். அதோடு கன்னல் நீர் கொண்டு அளப்பது, நம் பொருளில் இருப்பது மணல். உரைகளில் வரும் நாழிகை வட்டிலும் நீர்க்கருவிதான். எங்கள் பக்கம் சோறு உண்ணும் தட்டு வட்டல் என்பதால், அது தட்டையான வடிவத்தையே நினைவூட்டுகிறது.

நாழிக்கு இந்தத் தடை ஒன்றும் இல்லை. இரண்டு நாழிகளை வாயோடு வாய் வைத்து ஒட்டினால் அந்தப் பொருள் அப்படியே கிடைத்துவிடுகிறது. கலம், அளவு, பொழுது மூன்றும் ஒரே சொல்லில் அடங்குகின்றன. ‘உண்பது நாழி’ என்ற புறநானூற்றுச் சொல்தான், தஞ்சாவூர்ப் பக்கத்துப் பாட்டிமார் வாயில் ‘நாழியாச்சு, கிளம்பு’ என்று இன்னும் உயிரோடு இருக்கிறது. எவ்வளவு நேரம் என்று அது கட்டிப்போடவும் இல்லை. எந்த மாயநாட்டுக் கணக்குக்கும் பொருந்தும்.

மொழிபெயர்ப்பாளர்கள் உழைக்காதவர்கள் என்று சொல்ல மாட்டேன். பக்கத்துக்கு இவ்வளவு என்று கொடுக்கும் கூலியில் ஒரு சொல்லுக்காக அரைநாள் செலவிட முடியாது என்பதும் தெரியும். ஆனால் பொருளைப் பார்க்காமல் எழுத்தை மட்டும் பெயர்க்கும் பழக்கம் பரவிக்கொண்டே போகிறது. சேர்வராயன் என்ற சாமியின் பெயர் வெள்ளைக்காரன் வாயில் ஷெவராய் ஆனது. இன்று நாமே தமிழ்ப் பலகையில் ‘ஷெவராய்’ என்று எழுதுகிறோம், மலைமேல் கோயிலுக்குள் சேர்வராயன் உட்கார்ந்திருக்கும்போதே. வீட்டில் இருப்பதை வெளியில் கேட்டு வாங்கும் இந்தப் பழக்கம்தான் மணிக்கண்ணாடியையும் பெற்றது.

உலகப் பொதுவான கருவிக்கு மணல்நாழி, கதையில் வரும் மந்திரப் பொருளுக்கு மாயநாழி. அதைத் திருப்புவது, சுழற்றுவது எல்லாம் வேண்டாம். நாழியைக் கவிழ்ப்பது என்றே எழுதலாம். எங்கள் பிரதியில் பென்சிலால் திருத்திவிட்டேன். ‘மணிக்கண்ணாடியைத் தலைகீழாகத் திருப்பியதும் சூரியன் நின்றது’ என்று இருந்த வரி இப்போது, ‘கிழவி மாயநாழியைக் கவிழ்த்தாள், பொழுது நின்றது.’