ஒரு பாட்டு, இரண்டு வாசிப்பு: படிக்கும்போது மனம் என்ன செய்கிறது?

போன வைகாசியில் வீட்டுக்கு வந்த ஒரு கல்யாணப் பத்திரிகையின் முகப்பில், 'செம்புலப் பெயல்நீர் போல அன்புடை நெஞ்சம் தாம் கலந்தனவே' என்று பொன்னெழுத்தில் அச்சிட்டிருந்தார்கள். குறுந்தொகையின் 40ஆம் பாட்டு. உள்ளே பிரித்துப் பார்த்தால், மாப்பிள்ளை பெண்ணுக்குச் சொந்த அத்தை மகன். பாட்டின் முதல் மூன்று அடிகளோ, என் தாயும் உன் தாயும் யார் யாரோ, என் தந்தைக்கும் உன் தந்தைக்கும் என்ன உறவு, நானும் நீயும் எப்படி அறிந்தோம் என்று கேட்கின்றன. பத்திரிகையில் தப்பு இருக்கிறது என்று சொல்ல வரவில்லை. எனக்கும் அந்த இரண்டு அடிகள் அங்கே அழகாகப் பொருந்தித்தான் தெரிந்தன. எப்படிப் பொருந்தின என்பதுதான் என் கேள்வி.

குறுந்தொகைப் பதிப்புகளில் ஒவ்வொரு பாட்டோடும் ஒரு கூற்றுக் குறிப்பு உண்டு. யார், யாரிடம், எந்தச் சூழலில் சொன்னது என்று அது சொல்லும். இந்தப் பாட்டுக்கான குறிப்பு: முதல் கூடலுக்குப் பிறகு, இவன் பிரிந்து போய்விடுவானோ என்று தலைவி அஞ்சுகிறாள், அவள் முகக்குறிப்பு மாறியதைக் கண்டு தலைவன் சொன்னது.

இப்போது அந்த மூன்று கேள்விகளைத் திரும்பப் படித்துப் பாருங்கள். தாய்மார்களுக்குள் பழக்கமில்லை, தந்தையருக்குள் உறவில்லை, நேற்றுவரை அறிமுகமே இல்லை. அவள் பயந்ததெல்லாம் இதற்காகத்தானே! இவன் போய்விட்டால் கேட்க ஆளில்லை. அவள் மனத்தில் ஓடுவதை அவனே ஒவ்வொன்றாக எடுத்துச் சொல்லிவிட்டு, அப்புறம்தான் செம்மண்ணில் விழுந்த மழைநீரைக் காட்டுகிறான். 'கலந்தன' என்பது இறந்தகாலம். இனிமேல் கலக்கப் போவதில்லை, கலந்தாயிற்று. பத்திரிகையில் வாழ்த்தாகத் தெரிந்த சொல், இங்கே உறுதிமொழியாகிறது. எழுத்து ஒன்றுகூட மாறவில்லை.

இந்த மாற்றம் ஒரு சொல்லைப் படிப்பதிலேயே தொடங்கிவிடுகிறது. 'குமார் மாலை' என்ற இரண்டு சொற்களோடு நிறுத்தினால், அடுத்து 'வந்தான்' என்று வரலாம், 'வாங்கினான்' என்றும் வரலாம். முன்னதில் மாலை பொழுது, பின்னதில் பூ. இப்படி இருபொருள் கொண்ட சொல் காதில் விழும்போது என்ன நடக்கிறது என்று டேவிட் ஸ்வின்னி 1979இல் ஆங்கிலச் சொற்களைக் கொண்டு சோதித்தார். வாக்கியம் ஒரு பொருளைத் தெளிவாகச் சுட்டினாலும், சொல் கேட்ட அந்தக் கணத்தில் இரண்டு பொருள்களுமே மனத்தில் எழுகின்றன; மூன்று அசைகள் கடப்பதற்குள் பொருந்தாதது அடங்கிவிடுகிறது. நாம் ஒரே பொருளைத்தான் பார்த்தோம் என்று நினைக்கிறோம். தேர்வு நமக்குத் தெரியாமலேயே முடிந்திருக்கும்.

மூளை அடுத்த சொல் வரட்டும் என்று சும்மா காத்திருப்பதும் இல்லை. 1980இல் மார்த்தா குட்டாஸும் ஸ்டீவன் ஹில்யார்டும், வாக்கியங்களைச் சொல் சொல்லாகத் திரையில் காட்டி, படிப்பவர்களின் மூளை மின்னலைகளைப் பதிவு செய்தார்கள். சூடான ரொட்டியில் வெண்ணெய்க்குப் பதில் காலுறையைத் தடவினான் என்பது போல ஒரு வாக்கியம் முடிந்தால், அந்தச் சொல் தோன்றிச் சுமார் 400 மில்லிவிநாடியில் ஒரு தனி அலை தெரிந்தது. வாக்கியம் எழுப்பிய எதிர்பார்ப்போடு அந்தச் சொல் பொருந்தவில்லை என்பதன் அடையாளம் அது.

எனக்கு மிகவும் பிடித்த சோதனை ஜான் பிரான்ஸ்ஃபோர்டும் மார்சியா ஜான்சனும் 1972இல் வெளியிட்டது. அவர்கள் வாசித்துக் காட்டிய பத்தி ஏறத்தாழ இப்படிப் போகும்: முதலில் பொருள்களைக் குவியல்களாகப் பிரிக்க வேண்டும், வேலை எவ்வளவு என்பதைப் பொறுத்து ஒரே குவியலும் போதும், ஒரே நேரத்தில் அதிகமாகச் செய்வதைவிடக் கொஞ்சமாகச் செய்வது நல்லது, தவறினால் செலவு கூடும். சொற்கள் எல்லாம் எளிமையானவை, ஆனாலும் ஒன்றும் பிடிபடாது. இது துணி துவைப்பதைப் பற்றியது என்று முன்கூட்டியே தெரிந்தவர்கள், பத்தியின் 18 கருத்துகளில் சராசரியாக ஏறக்குறைய 6ஐ நினைவுகூர்ந்தார்கள். தெரியாதவர்கள் 3ஐக்கூட எட்டவில்லை. இதில் கவனிக்க வேண்டியது மூன்றாவது குழு. அவர்களிடம் பத்தி முடிந்த பிறகு தலைப்பைச் சொன்னார்கள். அது உதவவே இல்லை. அதாவது, சொற்களை முதலில் சேர்த்து வைத்துக்கொண்டு அப்புறம் பொருள் காணலாம் என்றால் அது நடப்பதில்லை. உள்ளே வரும்போதே உட்கார ஓர் இடம் வேண்டும்.

அந்த இடத்தை மாற்றினால் என்ன ஆகும்? 1978இல் ரிச்சர்ட் ஆண்டர்சனும் ஜேம்ஸ் பிச்சர்ட்டும் அதைப் பார்த்தார்கள். பள்ளிக்கு மட்டம் போட்ட இரண்டு பையன்கள் ஒரு வீட்டுக்குப் போகும் கதை. சிலரைத் திருடனின் கண்ணோடும், சிலரை வீடு வாங்க வந்தவரின் கண்ணோடும் படிக்கச் சொன்னார்கள். திருடனாகப் படித்தவர்களுக்கு நாணயச் சேகரிப்பு போன்றவை நினைவில் நின்றன. வாங்குபவராகப் படித்தவர்களுக்குக் கூரை ஒழுகுவது போன்றவை. பிறகு கண்ணோட்டத்தை மாற்றி மறுபடி எழுதச் சொன்னபோது, முதல் முறை விட்டுப்போன விவரங்கள் சில திரும்பி வந்தன. கதையை யாரும் இரண்டாம் முறை படிக்கவில்லை.

இலக்கியக் கோட்பாட்டில் இதே இடத்தைத் தொட்டவர் ஜெர்மனியின் கான்ஸ்டன்ஸ் பல்கலைக்கழகத்தில் இருந்த வொல்ஃப்காங் ஈசர். பிரதியில் எழுதாமல் விட்ட இடைவெளிகளை வாசகர் நிரப்பும்போதுதான் படைப்பு முழுமை பெறுகிறது என்றார். தொல்காப்பியச் செய்யுளியல், செய்யுளின் உறுப்புகள் என்று எண்ணும் 34இல் 'எச்சம்', 'முன்னம்' என இரண்டு வருகின்றன. சொல்லாலோ குறிப்பாலோ பின்னர் நிரப்பிக்கொள்ளும்படி விட்டது எச்சம். இந்த இடத்தில் இந்தப் பேச்சு இன்னாருக்கு உரியது என்று உணரவைப்பது முன்னம். விட்டதையும் ஓர் உறுப்பாகவே எண்ணியிருக்கிறார்கள் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் மலைப்பாக இருக்கிறது.

சரி, அப்படியானால் எதை வேண்டுமானாலும் நிரப்பலாமா? முடியாது. 40ஆம் பாட்டைச் சண்டைப் பாட்டாகப் படிக்க முயன்றால் 'அன்புடை நெஞ்சம்' குறுக்கே நிற்கும். ஆனால் கூற்றுக் குறிப்பு மட்டுமே சரி என்றும் நான் சொல்லமாட்டேன். அந்தக் குறிப்புகள் பாடிய புலவர்கள் எழுதியவை அல்ல, பிற்காலத்தவர் சேர்த்தவை என்றே அறிஞர் பலரும் கருதுகிறார்கள். அப்படிப் பார்த்தால் அந்தக் குறிப்பே ஒரு பழைய வாசகரின் வாசிப்பு. மூன்று கேள்விகளையும் படித்துவிட்டு, இவற்றை ஒருவன் யாரிடம், எப்போது சொல்லியிருப்பான் என்று அவர் யோசித்திருக்கிறார். எதிரே ஒரு பெண்ணை நிறுத்தி, அவள் முகத்தில் ஓர் அச்சத்தையும் கண்டிருக்கிறார். ஐந்து அடிகளில் அந்த முகம் எங்கும் இல்லை. அவன் பேசி முடித்ததும் அவள் என்ன சொன்னாள் என்பதும் இல்லை.