காமெடி ட்ராக் – சொல் விளக்கம்

"படம் சுமார்தான், காமெடி ட்ராக் நல்லாருக்கு." திருநெல்வேலிப் பக்கம் எந்த டீக்கடையிலும் காதில் விழுகிற பேச்சு இது. கதையோடு ஒட்டியும் ஒட்டாமலும் தனியாக எழுதி, தனியாகப் படம்பிடித்து, எடிட்டிங்கில் இடையிடையே சேர்க்கிற சிரிப்புக் காட்சிகளின் வரிசைதான் காமெடி ட்ராக். அதை எடுத்துவிட்டாலும் கதை நிற்கும். எடுத்த துண்டும் தனியே நிற்கும். ஆதித்யா, சிரிப்பொலி போன்ற சேனல்கள் நாள் முழுக்க ஓட்டுவது அந்தத் துண்டுகளைத்தான்.

'காமெடி' கிரேக்கத்திலிருந்து ஆங்கிலம் வழியாக வந்தது. 'கோமோஸ்' என்றால் ஆட்டம்பாட்டத்தோடு போகும் கொண்டாட்ட ஊர்வலம். அதோடு பாட்டைக் குறிக்கும் சொல் சேர்ந்தது. 'கோமே', அதாவது கிராமம் என்ற சொல்லிலிருந்து வந்ததாகச் சிலர் சொன்னதையும் அரிஸ்டாட்டில் குறித்திருக்கிறார்: நகரத்தில் மதிப்பில்லாமல் ஊர் ஊராகத் திரிந்த கலைஞர்களால் வந்த பெயராம். 'ட்ராக்' ஆங்கிலம், தடம் என்று பொருள்.

தமிழில் காமெடிக்கு நகை என்ற பழைய சொல் இருக்கிறது. சிரிப்பதைக் குறிக்கும் நகு என்ற வினையிலிருந்து வந்தது. "எள்ளல் இளமை பேதைமை மடன்" என்று நகை பிறக்கும் இடங்கள் நான்கைத் தொல்காப்பியம் சொல்கிறது. எள்ளல் என்றால் கேலி, பேதைமை என்றால் அறியாமை. இதைப் புரிந்துகொள்ளக் கோயில் கொடையில், அதாவது ஊர்க் கோயில் திருவிழாவில், ஒரு ராத்திரி வில்லுப்பாட்டு கேட்டால் போதும். கதை உருக்கமாகப் போய்க்கொண்டிருக்கும். வில்லை வீசுகோலால் தட்டிக் கதை சொல்லும் தலைமைப் பாடகர், "பன்னிரண்டு காதம் நடந்தே வந்தாள்" என்பார்.

"செருப்பு போட்டிருந்தாளா அண்ணாச்சி?" என்று குடம் அடிப்பவர் கேட்பார்.

"அந்தக் காலத்துல செருப்பு ஏதுடே?"

"அப்பம் நம்ம ஊர் ரோட்டுல நடந்து பழகுன பிள்ளதான்."

செருப்பைக் கேட்டது பேதைமை, ரோட்டைச் சொன்னது எள்ளல். கூட்டம் சிரித்து ஓய்வதற்குள் கதையில் வரும் பெண் மறுபடி நடக்கத் தொடங்கிவிடுவாள். இங்கே நகைக்குத் தனித் தடம் கிடையாது, கதைக்குள்ளேயே இருக்கிறது.

பக்கத்து நாகர்கோவிலில் 1908-இல் பிறந்த என்.எஸ். கிருஷ்ணன் இந்த வில்லுப்பாட்டிலிருந்து வந்தவர். சினிமாவில் தன் நகைச்சுவைப் பகுதியைத் தானே அமைத்துக்கொண்டார். பிற்பாடு அதை எழுதுவதற்கென்றே ஆட்கள் வந்தார்கள். 1989-இல் வந்த இரண்டு படங்களைப் பக்கத்தில் வைத்தால் வேறுபாடு தெரியும். கரகாட்டக்காரனில் கவுண்டமணி–செந்தில் நகைச்சுவையைத் தனியாக எழுதியவர் ஏ. வீரப்பன். அபூர்வ சகோதரர்கள் படத்துக்கு வசனம் எழுதிய கிரேசி மோகனோ நாடக மேடையிலிருந்து வந்தவர்; அவருடைய நகைச்சுவை கதையின் உரையாடலிலேயே கலந்து கிடக்கும். முதலாவது ட்ராக். இரண்டாவதை அப்படிச் சொல்வது தவறு.

சரி, தமிழில் எப்படிச் சொல்லலாம்? 'நகைச்சுவைப் பகுதி' என்பது வழக்கில் உள்ளது, பிழையில்லை. ஆனால் 'பகுதி' என்றால் ஒரே ஒரு காட்சியாகவும் இருக்கலாம். படம் நெடுக விட்டுவிட்டு வருவதைச் சொல்ல 'நகைச்சுவைத் தடம்' பொருத்தம் என்பது என் எண்ணம். வயலுக்குப் போகிற ஒற்றையடித் தடம் நம் எல்லோருக்கும் தெரியும். பெரிய ரோட்டை விட்டு விலகிப் போய், அப்புறம் எங்கோ வந்து சேர்ந்துகொள்ளும்.

எழுதுகிறவரை 'காமெடி ரைட்டர்' என்பதைவிட 'நகைச்சுவை எழுத்தாளர்' என்றே சொல்லலாம். வாழைப்பழக் காட்சியைக் 'கவுண்டமணி காமெடி' என்றுதான் எல்லோரும் சொல்கிறோம். நடித்தவர் பெயர் நிலைத்துவிட்டது. வீரப்பன் பெயரையும் சேர்த்துச் சொல்லிப் பழக வேண்டும் என்பது என் ஆசை.