மோட்கேஜ் என்பது ஈடா, ஒற்றியா?

திருகோணமலையில் வீடு கட்ட வங்கிக் கடன் எடுத்த ஒருவர் அந்தக் கடனுக்கு இடத்துக்கு இடம் வேறு பெயர் சொல்வார். வங்கிக் கிளையில் அது ‘மோட்கேஜ்’. நொத்தாரிசின் மேசையில் அது ‘ஈடு’. வீட்டுக்கு வந்து மனைவியிடம் பேசும்போது, ‘உறுதியை பாங்கில வைச்சிருக்கிறன்’ என்பதோடு பேச்சு முடிந்துவிடும். கடன் எவ்வளவு, எதை வைத்து எடுத்தது என்பதெல்லாம் இந்தப் பெயர்களில் எப்படியோ வந்துவிடுகின்றன. இருபது ஆண்டு கழித்து அந்த வீட்டுக்கு மொத்தமாக எவ்வளவு கொடுத்திருப்போம் என்பது மட்டும் வருவதில்லை. ஆனால் மோட்கேஜ் என்ற சொல் பிறந்த காலத்தில் அந்தக் கேள்விதான் அதன் உள்ளே இருந்தது.

சொல் பழைய பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்குப் போனது. ‘மோர்’ என்றால் செத்தது, ‘காஜ்’ என்றால் ஈடு. சேர்த்தால் ‘செத்த ஈடு’. ஆங்கிலேயர் எழுத்தில் வைத்துக்கொண்டு உச்சரிப்பில் விட்டுவிட்ட ‘ட்’ ஒலியை நாம் எழுத்தைப் பார்த்து உயிர்ப்பித்து ‘மோட்கேஜ்’ என்கிறோம். ஈடு ஏன் செத்தது என்பதற்கு இரண்டு விளக்கங்கள் உள்ளன. பதினேழாம் நூற்றாண்டின் ஆங்கிலச் சட்ட அறிஞர் எட்வர்ட் கோக், தமக்கு முந்திய லிட்டில்டனைப் பின்பற்றிச் சொன்னதே இன்று பெரும்பாலும் மேற்கோள் காட்டப்படுவது: கடன்பட்டவர் பணத்தைக் கட்டத் தவறினால் நிலம் அவருக்குச் செத்துப்போகிறது, கட்டிவிட்டால் கடன் கொடுத்தவருக்கு அந்த ஈடு செத்துப்போகிறது. கேட்க அழகான விளக்கம்தான். ஆனால் அதற்கு நானூறு ஆண்டுகளுக்கும் மேலாக முந்தியது, பன்னிரண்டாம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்த, கிளான்வில் பெயரால் வழங்கும் சட்ட நூல் தரும் விளக்கம். அதன்படி ஈட்டில் இரண்டு வகை உண்டு. ஈடாக வைத்த நிலத்தின் விளைச்சலும் வாடகையும் கடனின் முதலில், அதாவது வாங்கிய தொகையில், கழிக்கப்பட்டால் அது உயிருள்ள ஈடு. விளைச்சலைக் கடன் கொடுத்தவரே எடுத்துக்கொள்ள, முதலில் ஒரு காசும் குறையாமல் நின்றால் அது செத்த ஈடு. என் மதிப்பீட்டில், ஒரு கடனின் நீண்டகால விலையை அளக்க இதைவிடக் கூர்மையான அளவுகோலைப் பின்வந்த எவரும் தரவில்லை.

தமிழ் வாசகருக்கு இந்தச் செத்த ஈடு புதிதன்று. நாம் அதை ‘ஒற்றி’ என்கிறோம், பேச்சில் ‘ஒத்தி’. தம்பலகாமத்தில் இரண்டு ஏக்கர் வயலை ஒற்றி கொடுத்தவர் பணத்தை வாங்கிக்கொள்வார். ஒற்றி பிடித்தவர் வயலைச் செய்து நெல்லை எடுத்துக்கொள்வார். வட்டி என்று தனியாக ஒன்று இல்லை, நெல்தான் வட்டி. பத்துப் போகம் விளைந்தாலும் வாங்கிய தொகை அப்படியே நிற்கும். முழுவதையும் திருப்பிக் கொடுத்தால்தான் வயல் மீளும். யாழ்ப்பாணத்தில் திசாவையாக இருந்த கிளாஸ் ஐசாக்ஸ் என்ற ஒல்லாந்து அதிகாரி 1707 இல் தொகுத்து முடித்த தேசவழமை என்ற வழக்கச் சட்டத் தொகுப்பிலும் இந்த முறை இதே பெயரோடு இடம்பெறுகிறது. தமிழ்நாட்டில் இதற்குப் ‘போக்கியம்’ என்ற வடசொல் வழி வந்த பெயரும் உண்டு. ஒற்றி என்ற சொல்லின் பழைமைக்குச் சுந்தரர் தேவாரமே சான்று: திருவோணகாந்தன்தளியில் இறைவனிடம் பொன் கேட்டுச் சலித்துக்கொள்ளும் சுந்தரர், திருவொற்றியூரின் பெயரைப் பிடித்து, அது ஒற்றி வைத்த ஊர் என்றால் உம்முடையது அல்லவே என்று பரிகசிக்கிறார். ஒற்றி வைத்த பொருள் கைவிட்டுப் போனதற்குச் சமம் என்ற எண்ணம் அன்றைக்கே கேட்பவர் சிரிக்கும் அளவுக்குப் பழகிப்போயிருந்தது.

ஈடு என்பது வேறு. ‘படு’ என்பதிலிருந்து ‘பாடு’ம், ‘கெடு’ என்பதிலிருந்து ‘கேடு’ம் வருவதுபோல் ‘இடு’ என்பதன் முதல் நீண்டு ‘ஈடு’ ஆகிறது. ஒன்றுக்குப் பதிலாக இடப்படுவது, ஆகவே அதற்குச் சமமானது. ‘நட்டஈடு’, ‘ஈடுகொடுத்தல்’, ‘ஈடு இணை’ எல்லாம் இந்தக் கருத்தில் பிறந்தவை. ஈட்டில் பொருள் கடன்பட்டவரின் கையிலேயே இருக்கலாம். அதன்மேல் உரிமை மட்டும் கட்டுண்டு கிடக்கும். ‘அடை’ என்ற வேரில் பிறந்த ‘அடைவு’ நம் ஊரில் நகைக்கே உரியது. காப்பை அடைவு வைப்போம், காணியை வைப்பதாகச் சொல்ல மாட்டோம். அதே வேரில் ‘வருமானம்’, ‘பெறுமானம்’ போன்றவற்றில் வரும் ‘மானம்’ சேர்ந்து ‘அடைமானம்’ ஆனது. தமிழ்நாட்டுப் பத்திரங்களில் அது ‘அடமானம்’ என்று தேய்ந்து நிற்கிறது.

இவற்றில் வங்கியின் வீட்டுக் கடனுக்கு உரிய சொல் எது? சட்டப்படி பார்த்தால் ஈடுதான். வீட்டில் நாமே குடியிருக்கிறோம். வங்கி வந்து மாமரத்தில் காய் பறிப்பதில்லை. 1949 ஆம் ஆண்டின் 6 ஆம் இலக்கச் சட்டம் ஆளுவதும் இந்த ஈட்டைத்தான். பொருளை ‘ஈடு’ என்றும், அதற்காக நொத்தாரிசு எழுதும் பத்திரத்தை ‘ஈட்டுமுறி’ என்றும், கிடைக்கும் பணத்தை ‘ஈட்டுக்கடன்’ என்றும் பிரித்துச் சொன்னால் குழப்பம் இல்லை. ‘முறி’ ஓலைக் காலத்துச் சொல். ‘திறைசேரி முறி’ என்று செய்திகளில் இன்றும் உயிரோடிருக்கிறது. ஆங்கிலத்தில் இந்த மூன்றுக்கும் மோட்கேஜ் என்ற ஒரே சொல் ஓடித் திரிவதால், தமிழில் எழுதுவோரும் மூன்றையும் ஒன்றாக்கிவிடுகின்றனர்.

ஆனால் கிளான்வில்லின் அளவுகோலை வைத்துப் பார்த்தால் விடை மாறுகிறது. உவர்மலையில் இருக்கும் என் மைத்துனர் வீட்டில் ஒரு மாலை தேநீர்க் கோப்பைகளை ஓரமாக ஒதுக்கிவிட்டு, வங்கி கொடுத்த தவணை அட்டவணையை மேசையில் விரித்தோம். நான்கு பக்கம், பொடி எழுத்து, மாதத்துக்கு ஒரு வரி. அவருடைய சொந்தத் தொகையை இங்கே எழுதுவது முறையன்று. அதே அமைப்பில் எளிதான ஒரு கணக்கைத் தருகிறேன். 50 இலட்சம் ரூபாய், ஆண்டுக்கு 12 வீத வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை 55,054 ரூபாய். முதல் மாதத்தில் அதில் 50,000 ரூபாய் வட்டிக்குப் போகிறது. கடனின் முதலில் கழிவது 5,054 ரூபாய். ஐந்து ஆண்டு முடியும்போது ஏறக்குறைய 33 இலட்சம் ரூபாய் கட்டியிருப்போம். முதலில் குறைந்திருப்பது 4 இலட்சத்து 13 ஆயிரம் மட்டுமே. பத்து ஆண்டு முடிந்தபின்னும் 38 இலட்சத்துக்கு மேல் நிலுவை நிற்கும். கடனின் முதல், பாதியாகக் குறைய ஏறக்குறைய பதினைந்து ஆண்டு செல்லும். முழுவதும் முடியும்போது கட்டியது 1 கோடியே 32 இலட்சம். அதில் வட்டி மட்டும் 82 இலட்சம்.

மைத்துனர் முதல் பக்கத்தை மேலிருந்து கீழாக விரலால் தடவிக்கொண்டே போய், ‘அப்ப இவ்வளவு நாளும் நான் கட்டினது வாடகை எண்டு சொல்லுங்கோ’ என்றார். வாடகை என்பதைவிட ஒற்றி என்பது பொருந்தும் என்றேன். முதல் ஆண்டுகளின் தவணை ஒற்றி வயலின் நெல்லைப் போன்றது: போகத்துக்குப் போகம் போய்க்கொண்டே இருக்கும், முதல் அசையாது. சட்டத்தில் ஈடாகப் பிறந்த கடன், கணக்கில் பதினைந்து ஆண்டு ஒற்றியாக நடந்து, கடைசி ஐந்து ஆண்டில்தான் உயிருள்ள ஈடாகிறது. இப்படித் தவணையால் கடனைத் தீர்க்கும் முறைக்கு ஆங்கிலம் வைத்திருக்கும் ‘அமோர்டைசேஷன்’ என்ற பெயரிலும் அதே ‘மோர்’ இருக்கிறது. கடனைச் சிறுகச் சிறுகச் சாகடிப்பது என்று பொருள். தமிழில் அதைத் ‘தவணைத் தீர்வு’ என்றால் போதும். சாவை இழுக்க வேண்டியதில்லை.

வட்டி என்ற சொல்லும் வளர்ச்சியைத்தான் குறிக்கிறது. வடமொழியின் ‘விருத்தி’ பிராகிருதத்தின் வழியாக வந்து ‘வட்டி’ ஆனது. அதற்கு முன் சோழர் கல்வெட்டுகளில் ‘பொலிசை’ என்றும் ‘பலிசை’ என்றும் வழங்கியது. களத்தில் நெல் குவியும்போது ‘பொலி பொலி’ என்பார்களே, அந்தப் பொலிதான். மலையாளம் ‘பலிச’ என்று அதை இன்றும் வைத்திருக்க, நாம் இழந்துவிட்டோம். பொலிவது யாருடைய களத்தில் என்பதுதான் கேள்வி.

மேற்சொன்ன கணக்கு வட்டி 20 ஆண்டும் மாறாமல் நிற்கும் என்று வைத்துக்கொண்டது. இலங்கையில் பல வீட்டுக் கடன்கள் சில ஆண்டுகளுக்குப்பின் மாறும் வீதத்துக்குப் போய்விடும். அந்த வீதம் ‘சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன் வழங்கல் வீதம்’ என்ற, ஒரே மூச்சில் சொல்லி முடிக்க முடியாத பெயருள்ள, வங்கிகள் தம் சிறந்த வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் கடன்களின் சராசரி வட்டியான ஒன்றின்மேல் இத்தனை புள்ளி கூட என்று ஒப்பந்தத்தில் எழுதப்பட்டிருக்கும். 2021 இறுதியில் ஒற்றை இலக்கத்தில் நின்ற அந்தச் சராசரி வீதம், 2022 ஏப்ரல் 8 ஆம் திகதி மத்திய வங்கி கொள்கை வட்டி வீதங்களை ஒரேயடியாக 7 வீதப் புள்ளி உயர்த்தியபின், அந்த ஆண்டு முடிவதற்குள் 25 வீதத்தையும் தாண்டியது. நம்முடைய கணக்கில் வட்டி 13.2 வீதத்தைத் தாண்டினாலே தொடக்க ஆண்டுகளில் 55,054 ரூபாய்த் தவணை வட்டிக்கே காணாது. 24 வீதமானால் மாத வட்டி மட்டும் 1 இலட்சம். அந்த நாட்களில் என் மைத்துனருக்கு வந்த கடிதம் தவணையை உயர்த்தவில்லை. கருணை என்று நினைத்தார். கட்டாத வட்டி வேறொரு கணக்கில் ஏறிக்கொண்டிருந்தது அவருக்குத் தெரிந்தது அடுத்த ஆண்டு, நிலுவைச் சான்று கேட்டபோதுதான். ஒற்றியில்கூட முதல் அப்படியே நிற்கும். இங்கே அது வளர்ந்திருந்தது. இதற்குக் கிளான்வில்லிடம் பெயர் இல்லை.

நியாயமாக இன்னொரு பக்கத்தையும் சொல்ல வேண்டும். 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி பணவீக்கம் 69.8 வீதமாக இருந்தது. அத்தகைய காலத்தில் நிலையான வட்டியில் கடன் வைத்திருந்தவரின் கடன் ரூபாயில் குறையாவிட்டாலும் மதிப்பில் சுருங்கியது. அந்த நன்மை, சம்பளமும் விலைவாசியோடு சேர்ந்து ஏறியவருக்கு மட்டுமே முழுமையாகக் கிட்டும். எங்கள் ஊரில் அரச சம்பளத்தில் இருப்பவர்களைக் கேட்டால் விடை தெரியும்.

தவணைக்கு வெளியே நிற்கும் செலவுகள் சிறியவை, ஆனால் தொடக்கத்திலேயே கையைக் கடிப்பவை. காணியின் உரித்தை வழமையாக முப்பது ஆண்டுக்குப் பின்னோக்கித் தேடிச் சட்டத்தரணி எழுதும் அறிக்கை, மதிப்பீட்டாளரின் கட்டணம், நொத்தாரிசுக் கட்டணம், முத்திரை, தீக் காப்புறுதி, கடன்பட்டவரின் ஆயுட் காப்புறுதி என்று அவை வரிசையாக வரும். காணி உறுதிக் காணியாக இல்லாமல் அரச அனுமதிப்பத்திரக் காணியாக இருந்தால் ஈடு வைப்பதே பெரும்பாடு. இம்மாவட்டத்தில் அப்படிப்பட்ட காணிகள் குறைவல்ல. கடற்காற்றில் துருப்பிடித்துக் கூரைக் கொங்கிறீற்றைப் பிளக்கும் கம்பியும் கணக்கில் வர வேண்டியதுதான். கடன் முடியுமுன்னே வீடு திருத்தத்துக்குப் பணம் கேட்கும்.

காலத்தைக் குறைப்பதால் வரும் இலாபத்தை மட்டும் சற்று நின்று பார்க்கலாம். அதே 50 இலட்சத்தை அதே வீதத்தில் 15 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 60,008 ரூபாய். மாதம் ஐயாயிரத்துக்கும் குறைவான தொகைதான் கூடுகிறது. மொத்த வட்டி 58 இலட்சமாக இறங்குகிறது, அதாவது 24 இலட்சம் மிச்சம். தவணையை மட்டும் பார்த்து ‘குறைஞ்சதைப் போடுங்கோ’ என்று கையெழுத்திடும்போது நாம் வாங்குவது அந்த 24 இலட்ச ரூபாய்ச் செலவைத்தான்.

கட்டத் தவறினால் என்ன நடக்கும் என்பதற்கும் இங்கே தனிச் சொல் உண்டு. 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டத்தின்கீழ் வங்கியின் பணிப்பாளர் சபை, நீதிமன்றம் போகாமலே தீர்மானம் நிறைவேற்றி ஈட்டை ஏலத்தில் விற்கலாம். செய்தித்தாள்கள் ‘பராட்டே’ என்று எழுதுவது இதைத்தான். ஒல்லாந்து மொழியில் ‘பராட்’ என்றால் தயார் நிலை. காத்திராமல் உடனே நிறைவேற்றுவது என்பது பொருள். 2024 இல் இதன் நடைமுறை சிறிது காலம் இடைநிறுத்தப்பட்டபோது பலர் அந்தச் சொல்லை முதன்முறையாகக் கேட்டனர். ‘நேரடி ஏல உரிமை’ என்று எழுதினால் எவருக்கும் புரியும்.

கடன் தீர்ந்தபின் நடப்பதற்கு நம் சொல் ‘மீட்பு’. வயலை ஒற்றியிலிருந்து மீட்பது போல வீட்டை ஈட்டிலிருந்து மீட்கிறோம். இதில் ஒரு பின்னடி வேலை இருக்கிறது: வங்கி ஈட்டை விடுவித்து எழுதித் தரும் பத்திரத்தைக் காணிப் பதிவகத்தில் பதிய வேண்டும். என் மைத்துனரின் தகப்பனார் தம் காலத்தில் எடுத்த சிறு கடனைக் கடைசிச் சதம் வரை கட்டி, உறுதியை வாங்கிவந்து அலுமாரியில் பூட்டினார், விடுவிப்பைப் பதியவில்லை. அவர் காலமாகிப் பல ஆண்டு கழித்து வீட்டார் மகளுக்குச் சீதனமாக அந்தக் காணியை எழுதப் போனபோது, பதிவேட்டின் பக்கத்தில் அந்த ஈடு அப்படியே இருந்தது. கோக் சொன்னபடி கடன் கொடுத்தவருக்கு எப்போதோ செத்திருக்க வேண்டிய ஈடு அது. அதை நீக்குவதற்கு வங்கிக்கும் நொத்தாரிசுக்குமாக நான்கு மாதம் அலைந்தார்கள். கலியாணம் ஆவணியிலிருந்து தைக்குத் தள்ளிப்போனது.