குடும்ப விஷயமாம்!

போன கிழமையும் சட்ட உதவி கேட்டு என்னிடம் ஒரு பெண் வந்தார். முப்பது வயதுகூட இராது. ஷோலை இழுத்து இழுத்து மணிக்கட்டை மூடியபடியே பேசினார். பைக்குள்ளிருந்து நாலாக மடித்த ஒரு தாளை எடுத்து மேசையில் வைத்தார். "இனி அடிக்க மாட்டேன்" என்று கணவர் கையெழுத்து வைத்திருக்கிறார். அதற்குக் கீழே, "இனிச் சண்டை பிடிக்க மாட்டேன்" என்று இவரும்! இது மூன்றாவது தாளாம். "தங்கச்சி, இது குடும்ப விஷயம், வீட்ட போய்க் கதைச்சுத் தீருங்கோ" என்று மூன்று தடவையும் பொலிஸில் சொல்லி அனுப்பியிருக்கிறார்கள்.

"கையெழுத்து வச்சிட்டனாம், இனி கோட்ஸுக்குப் போகேலாதாம். உண்மையோ மிஸ்?"

பொய். இதை எத்தனையாவது தடவை சொல்கிறேன் என்று எண்ணுவதை விட்டுவிட்டேன்.

அந்தக் 'குடும்ப விஷயம்' என்ற சொல்லோடு முப்பது வருடத்துக்கு முன்பே ஐ.நா.வில் மல்லுக்கட்டியவர் எங்கள் நாட்டுத் தமிழ்ப் பெண் ஒருவர், ராதிகா குமாரசுவாமி. யேல், கொலம்பியா, ஹார்வர்ட் என்று படித்த சட்டத்தரணி. பெண்களுக்கெதிரான வன்முறை பற்றிய ஐ.நா.வின் முதலாவது விசேட அறிக்கையாளராக (நாடுகளில் நடப்பதை ஆராய்ந்து ஐ.நா.வுக்கு அறிக்கை கொடுப்பவர்) 1994இல் நியமிக்கப்பட்டு, 2003 வரை அந்தப் பொறுப்பில் இருந்தார். அதுவரை மனித உரிமை என்றால் பெரும்பாலும் சிறைச்சாலை, சித்திரவதை, இராணுவம். வீட்டு வாசற்படியோடு பேச்சு நின்றுவிடும். அடிப்பவன் அரச ஊழியன் இல்லையே, அரசு என்ன செய்யும் என்பதுதான் வாதம்.

அந்த வாதத்தின் ஓட்டையைக் கொஞ்சம் நிறுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் படித்தவர்களே இதில்தான் வழுக்குகிறார்கள். அயல்வீட்டுக்காரன் உங்கள் கையை முறித்தால் பொலிஸ் வரும். அதே கையைத் தாலி கட்டியவன் முறித்தால் வராது என்றால், அரசு ஒதுங்கி நிற்கிறது என்றா அர்த்தம்? முறித்தவன் பக்கம் நிற்கிறது என்றுதான் அர்த்தம். 1993இல் ஐ.நா. பொதுச்சபை நிறைவேற்றிய பிரகடனமும், அடிப்பது தனி ஆளாக இருந்தாலும் தடுக்க, விசாரிக்க, தண்டிக்க வேண்டிய கடமை அரசுக்கு உண்டு என்றுதான் சொல்கிறது. ராதிகா 1996இல் வீட்டு வன்முறை பற்றி அறிக்கை எழுதியதோடு நிற்காமல், நாடுகள் சட்டம் இயற்றுவதற்கு ஒரு மாதிரிச் சட்டகத்தையும் சேர்த்துக் கொடுத்தார். அதே வருடம், இரண்டாம் உலகப் போரில் ஜப்பானிய இராணுவம் 'ஆறுதல் பெண்கள்' என்று பூசி மெழுகிய கொடுமையை, இராணுவப் பாலியல் அடிமைத்தனம் என்று பெயர் சொல்லி எழுதினார்.

பிறகு இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுவின் தலைவர். 2006 முதல் 2012 வரை, ஆயுத மோதல்களில் சிக்கிய சிறுவர்களுக்கான ஐ.நா. செயலாளர் நாயகத்தின் விசேட பிரதிநிதி. சிறுவர்களைப் படையில் சேர்த்ததாகக் குற்றஞ்சாட்டப்பட்ட கொங்கோ ஆயுதக்குழுத் தலைவர் தோமஸ் லுபாங்காவின் வழக்கில் 2010இல் சர்வதேச குற்றவியல் நீதிமன்றத்தில் சாட்சியம் சொன்னார். படையில் இருந்த சிறுமிகள் சண்டைக்காரியாகவும் சமையல்காரியாகவும் 'மனைவி'யாகவும் மாறி மாறிப் பயன்படுத்தப்பட்டார்கள், அவர்களைக் கணக்கில் சேர்க்காமல் விடாதீர்கள் என்பது அவருடைய வாதம். பாருங்கள், அங்கேயும் அதே கதை: அடுப்படியில் நடப்பது கணக்கில் வராது!

சரி, ஊருக்கு வருவோம். இலங்கையில் 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது. நீதவான் நீதிமன்றத்தில் பாதுகாப்புக் கட்டளை கேட்கலாம், அதாவது இனி அடிக்கவோ துன்புறுத்தவோ கூடாது என்று அடிப்பவருக்கு நீதிமன்றம் போடும் உத்தரவு. உங்களுக்காகப் பொலிஸ் உத்தியோகத்தரே விண்ணப்பிக்கலாம் (ஆமாம், வீட்டுக்குப் போகச் சொன்ன அதே ஆட்கள்தான்). 14 நாளுக்குள் விசாரணை. அவசரம் என்றால் அதற்கு முன்பே இடைக்காலக் கட்டளை. இதற்கு விவாகரத்துக் கேட்கத் தேவையில்லை. கட்டளை வந்த உடனே அவரைச் சிறையில் போடவும் மாட்டார்கள். மீறினால்தான் அது குற்றம். கணவர் மட்டுமில்லை, அடிக்கிற அண்ணனுக்கும் இது பொருந்தும்.

வைத்தியசாலையில் "படியில விழுந்திட்டன்" என்று தயவுசெய்து சொல்லாதீர்கள். பதிவில் ஏறிய படிக்கட்டை நான் பிறகு இறக்க முடியாது. முறைப்பாட்டு இலக்கத்தை வாங்காமல் பொலிஸை விட்டு வெளியே வராதீர்கள். அடையாள அட்டை, பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், மிரட்டிய குறுஞ்செய்திகளின் பிரதி, இவற்றை அம்மா வீட்டிலோ சிநேகிதியிடமோ கொடுத்து வையுங்கள். 1938ஐ அழையுங்கள், பெண்களுக்கான உதவி இலக்கம்.

அப்புறம் அம்மாமாருக்கு ஒன்று. "பொறுத்துப்போ பிள்ளை" என்று நீங்கள் சொல்லும்போது, அவள் அடுத்த தடவை உங்களிடமும் சொல்லாமல் விட்டுவிடுவாள். அதைமட்டும் யோசியுங்கோ.

அந்தப் பெண்ணின் மற்ற இரண்டு தாள்களையும் வீட்டிலிருந்து எடுத்து வரச் சொன்னேன். கொண்டு வந்தார். அலுமாரியில் சேலைகளுக்கு அடியில் வைத்திருந்தாராம். மூன்றிலும் திகதி தெளிவாக இருக்கிறது, கணவரின் கையெழுத்தும் இருக்கிறது. விண்ணப்பத்தோடு முதலாவது இணைப்பாக அவற்றைத்தான் போட்டிருக்கிறேன்.