காலாவதியானது மனு அல்ல

தெரிந்த ஒப்பந்ததாரர் ஒருவர் போன வாரம் ஒரு செய்தித் துண்டை நீட்டினார். 'டெண்டரை எதிர்த்த மனு காலாவதி. ஐகோர்ட் தள்ளுபடி' என்று போட்டிருந்தது. "லேட்டா போட்டீங்களாண்ணேன்னு ஊரே கேக்குது தம்பி" என்றார். டெண்டரில் தகுதியைக் காட்டும் டெக்னிக்கல் பிட்டை (தொழில்நுட்ப ஏலக்குறிப்பை) நிராகரித்த நாலாவது நாளே மனுப் போட்டவர் அவர். நீதிமன்றத் தேதி முத்திரை அவர் ஃபைலில் அப்படியே இருக்கிறது.

நடந்தது வேறு. பதில் மனுவுக்காக மூன்று வாய்தா போனது. இடைக்காலத் தடை கிடைக்கவில்லை. அதற்குள் வேறொருவருக்குப் பணி ஆணை கொடுத்து, ஜல்லி கொட்டி, தாரும் போட்டு, வேலையின் அளவைப் பதியும் எம்-புக்கில் அளவு ஏறி பில்லும் பாஸாகிவிட்டது. இனி டெண்டரை ரத்து செய்து என்ன ஆகப்போகிறது? இந்த நிலைக்குத்தான் நம் நீதிமன்றங்களில் 'இன்ஃப்ரக்சுவஸ்' என்கிறார்கள். லத்தீனில் ஃப்ருக்டஸ் என்றால் கனி. கனி தராதது என்று பொருள். அமெரிக்காவில் இதற்கு 'மூட்' என்பார்கள். அது பழைய ஆங்கிலத்தில் ஊர்க்கூட்டத்தைக் குறித்த சொல். அகராதியைப் பார்த்து அதை 'விவாதத்துக்குரிய' என்று பெயர்ப்பவர்களும் உண்டு. வழக்கே முடிந்துபோன இடத்தில் அது நேர் எதிர்ப்பொருள் தரும்.

சரி, காலாவதிக்கு வருவோம். காலம், அவதி இரண்டும் சேர்ந்த வடசொல். அவதி என்றால் எல்லை. வடசொல் என்பதால் எனக்குக் கோபமில்லை, மருந்து அட்டையில் அது சரியாகவே நிற்கிறது. வழக்கில் காலாவதி என்றால், 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் தந்த கெடு தாண்டிவிட்டது, வழக்காடுபவர் தாமதமாக வந்தார் என்றுதான் வாசகர் எடுத்துக்கொள்வார். இங்கே வந்தவர் நேரத்துக்கு வந்தார். வேலை அவரை முந்திக்கொண்டு முடிந்தது. ஒரே சொல்லில் தவறு இடம் மாறி மனுதாரர் தலையில் விழுகிறது. கூடவே வெறும் 'தள்ளுபடி' என்று போட்டால், நீதிபதி விசாரித்துப் பார்த்து டெண்டர் சரிதான் என்று சொல்லிவிட்டார் என்றாகிறது. அவர் அந்தக் கேள்விக்குள் போகவே இல்லை.

'பயனற்ற மனு' என்பதும் எனக்கு ஒப்பாது. வீண் வம்புக்குப் போட்ட மனு என்ற தொனி அதில் வந்துவிடும். போட்ட அன்று அதற்குப் பயன் இருந்தது, பிறகு போயிற்று. ஆகவே 'பயனிழந்தது' என்பதே சரி. பயன் என்பது பயத்தல் என்ற வினையிலிருந்து வந்தது. பயத்தல் என்றால் கொடுத்தல், விளைதல். ஊர் நடுவே பழுத்த மரத்தை வள்ளுவர் 'பயன்மரம்' என்கிறார். லத்தீன்காரர் சொன்ன கனி நம் சொல்லுக்குள்ளேயே இருக்கும்போது மருந்துக்கடைச் சொல்லை எதற்குத் தேடிப் போக வேண்டும்?

உயர் நீதிமன்றத் தீர்ப்பு ஆங்கிலத்தில் வருகிறது. மனுதாரரின் ஊருக்குத் தெரிவதெல்லாம் தமிழில் வரும் நாலு வரிதான். அந்த நாலு வரியை எழுதுகிறவர், உத்தரவின் கடைசிப் பத்தியையாவது முழுதாகப் படித்துவிட்டு எழுத வேண்டாமா? 'வேலை முடிந்துவிட்டதால் மனு பயனிழந்தது. வழக்கு முடித்துவைப்பு' என்று எழுத எவ்வளவு இடம் கூடப் பிடிக்கும்?

சொல் தப்பினால் பணமும் போகும். என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2022இல் சொன்னது இது: உள்கட்டமைப்பு வேலைகளுக்கு எளிதில் தடை கொடுக்காதீர்கள், டெண்டரிலிருந்து தவறாக விலக்கப்பட்டவர் நஷ்டஈடு கேட்டுக்கொள்ளட்டும். அப்படியானால் உயர் நீதிமன்றத்தில் போட்ட ரிட் மனு பயனிழந்த பிறகும் நஷ்டஈட்டு வழக்குக்கு வழி இருக்கலாம். அந்த மாதிரி வழக்குக்குப் பொதுவாக 3 ஆண்டுதான் கெடு. காலாவதி என்ற சொல்லுக்கு உண்மையில் வேலை இருப்பது அங்கேதான். அண்ணனோ எல்லாம் முடிந்தது என்று ஃபைலைக் கட்டிப் பரணில் போட இருந்தார். வக்கீலிடம் எடுத்துப் போகச் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.