பேஜ்மேக்கர் ஃபைல் திறந்தால் மட்டும் போதாது

திருவல்லிக்கேணி, ராயப்பேட்டைப் பக்கம் அச்சகங்களில் இன்றும் மூலையில் ஒரு பழைய விண்டோஸ் எக்ஸ்பி கம்ப்யூட்டர் ஓடிக்கொண்டிருக்கும். புத்தகப் பக்கம் வடிவமைக்கும் பழைய அடோபி மென்பொருளான பேஜ்மேக்கருக்காகவே வைத்திருப்பார்கள். பழைய புத்தகம் மறுபதிப்புக்கு வந்தால் திருத்தம் அதில்தான். பெரும்பாலும் அதன் ஹார்டு டிஸ்க் போன பிறகுதான் பழைய ஃபைல்களை மீட்க எங்களைத் தேடி வருகிறார்கள். அதற்கு முன்பே வாருங்கள் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

பேஜ்மேக்கர் 7 வந்தது 2001-ல். அதன்பின் அடோபி முழுக்க இன்டிசைன் என்ற தன் இன்னொரு வடிவமைப்பு மென்பொருள் பக்கம் போய்விட்டது. விண்டோஸ் 11-லும் பேஜ்மேக்கரைச் சிலர் ஓட்டுகிறார்கள். ஓடும், ஆனால் பிரிண்ட் கொடுக்கும்போதோ பிடிஎஃப் எடுக்கும்போதோ மக்கர் செய்யும். டெலிவரி நாளில் அதை நம்பாதீர்கள். கம்ப்யூட்டருக்குள்ளேயே இன்னொரு கம்ப்யூட்டர் போல ஓடும் விர்ச்சுவல் பாக்ஸ் மென்பொருளில் எக்ஸ்பி போட்டு, நெட் இணைப்பே கொடுக்காமல் அதற்குள் ஓட்டுவது எவ்வளவோ மேல்.

அதைவிடப் பெரிய சிக்கல் ஃபாண்ட். ஒவ்வொரு தமிழ் எழுத்துக்கும் எல்லா ஃபாண்டிலும் ஒரே குறி தரும் யூனிகோட் முறை பேஜ்மேக்கருக்குத் தெரியாது. பாமினி என்ற பழைய தமிழ் ஃபாண்டில் 'அம்மா' என்று அடித்தால் ஃபைலுக்குள் இருப்பது எம், கே, அரைப்புள்ளி, கே, எச் என்ற ஐந்து ஆங்கிலக் குறிகள்தான். ஃபாண்ட் இருந்தால் அம்மா தெரிவாள். இல்லாவிட்டால் வெறும் கிறுக்கல். டாம், டாப் ஃபாண்ட்களில் அதே எழுத்துக்கு வேறு குறிகள். ஆகவே ஃபைலோடு ஃபாண்டையும் எடுத்து வையுங்கள், எந்த ஃபாண்ட் என்று எழுதியும் வையுங்கள். ஃபாண்ட் மென்பொருளுக்குப் பழைய பிரிண்டர் போர்ட்டில் செருகும் லாக் (அது இருந்தால்தான் மென்பொருள் ஓடும்) இருந்தால் இன்னும் அவசரம். இன்றைய கம்ப்யூட்டர்களில் அநேகமாக அந்தப் போர்ட்டே இல்லை. ரிச்சி தெருவில் கிடைக்கும் யூஎஸ்பி மாற்றி பெரும்பாலும் பிரிண்டருக்குத்தான் உதவும், லாக்குக்கு அல்ல.

பழைய மெஷின் உயிரோடு இருக்கும்போதே ஒவ்வொரு புத்தகத்துக்கும் ஃபாண்ட் பதித்த பிடிஎஃப் ஒன்று எடுத்துவிடுங்கள். டெக்ஸ்டைத் தனியாக ஆர்டிஎஃப்பாக எக்ஸ்போர்ட் செய்யுங்கள். ஆர்டிஎஃப்பில் எந்தப் பகுதி எந்த ஃபாண்ட் என்ற விவரம் தங்கும். வெறும் டெக்ஸ்டாக எடுத்து, யூனிகோடுக்கு மாற்றும் கன்வர்ட்டரில் போட்டால் நடுவே இருக்கும் ஆங்கிலச் சொற்கள், ஈமெயில் முகவரி எல்லாம் தமிழ் எழுத்துக் குப்பையாகிவிடும். லேஅவுட்டும் வேண்டுமென்றால், இன்டிசைன் சிஎஸ்6 வரை பேஜ்மேக்கர் 6, 7 ஃபைல்களைத் திறக்கும். அதற்குப் பின்வந்த பதிப்புகள் திறக்காது.

யூனிகோடுக்கு மாற்றியதும் அப்படியே அச்சு பிளேட்டுக்கு அனுப்பிவிட வேண்டாம். ஒற்றைக்கொம்பு, இரட்டைக்கொம்பு வரும் இடங்களைப் பாருங்கள். பழைய ஃபாண்ட்களில் கொம்பு எழுத்துக்கு முன்னால் அடிக்கப்பட்டது, யூனிகோடில் பின்னால் வர வேண்டும். கன்வர்ட்டர் தடுமாறுவது அங்கேதான். 'கௌரவம்' என்ற சொல்லையும் தேடுங்கள். பல ஃபாண்ட்களில் ஔகாரத்தின் பின்பாதிக்கு 'ள'வையே போட்டிருப்பதால் அது 'கெளரவம்' என்று மாறியிருக்கும். பார்க்கக் கிட்டத்தட்ட ஒன்றுபோல இருப்பதால் மெய்ப்புப் பார்ப்பவர் கண்ணுக்கும் தப்பிவிடும். ஃபைண்டில் கொம்பையும் 'ள'வையும் சேர்த்துத் தேடி, ஒவ்வொன்றாகப் பார்த்துத் திருத்துங்கள். 'வெள்ளம்', 'கெளுத்தி' போன்றவை சரியான சொற்கள் என்பதால் ரீப்ளேஸ் ஆல் மட்டும் கொடுத்துவிடாதீர்கள்.